எட்டுக்கால் முசுறு

நான் தமிழாசிரியனாகப் பணியாற்றிய நாளில், ஒரு மாணவனுடைய கட்டுரை ஏட்டில் மூன்று வரிகளைச் சிவப்பு மையால் அடித்தேன். அவ்வாறு அடித்தது தவறு என்பதை உணர்ந்துகொள்ள எனக்குப் பதினோர் ஆண்டுகள் ஆயின.

செங்கோட்டைக்கு மேற்கே, மலையடிவாரத்தில் உள்ளது அவ்வூர். பள்ளிக்குப் பின்புறம் மதில் இல்லை, மாந்தோப்பே மதில். சித்திரை, வைகாசித் திங்களில் வகுப்பறைக்குள் மாம்பழ வாசனையும் வரும். சில வேளை முசுறும் வரும். முசுறு எது என்று உங்களுள் தோப்பருகே வாழ்வோர்க்குச் சொல்ல வேண்டுவதில்லை. நகரத்துப் பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன்: செம்மஞ்சள் நிறமும், நீண்ட கால்களும், அடங்காச் சினமும் உடைய எறும்பு அது. மண்ணில் புற்றெடுக்காது, மரத்தின் உச்சியில் இலைகளைக் கொண்டே வீடு கட்டும். வேலைக்கார எறும்புகள் வரிசையாக நின்று ஓர் இலையின் விளிம்பைக் காலாலும் வாயாலும் பற்றி, அடுத்த இலையின் விளிம்போடு சேர இழுத்துப் பிடிக்கும். வேறு சில எறும்புகள், கூட்டிலிருந்து புழுக்களை வாயில் கவ்விக்கொண்டு வந்து, அவ்விளிம்புகளின்மேல் மாறி மாறித் தொடச் செய்யும். புழுவின் வாயிலிருந்து வரும் பட்டு நூல் இரண்டு இலைகளையும் தைத்துவிடும். நெசவாளிக்குத் தறிநாடா எப்படியோ, அப்படி முசுறுக்கு அதன் குழந்தையே கருவி.

இவ்வளவு திறமுடைய உயிரைத் தோப்பில் எவரும் விரும்புவதில்லை. காய் பறிக்க ஏறுபவன் ஒரு கிளையை அசைத்தால் போதும். நூற்றுக்கணக்கில் இறங்கிவந்து கடிக்கும். கடித்த வாயில் ஃபார்மிக் அமிலத்தையும் பீய்ச்சும். கைகளில் சாம்பலைப் பூசிக்கொண்டு ஏறுவோரை நான் கண்டிருக்கிறேன். அச்சாம்பலையும் மதியாத முசுறுகள் உண்டு.

2007-ஆம் ஆண்டில் ஏழாம் வகுப்பு மாணவர்க்கு 'எங்கள் ஊர்த் தோப்பு' என்னும் தலைப்பில் கட்டுரை எழுதப் பணித்தேன். முப்பத்தைந்து ஏடுகளில் முப்பத்து நான்கு ஏறத்தாழ ஒன்றே போல் இருந்தன. 'இயற்கை அன்னையின் எழில் கொஞ்சும் தோப்பு' என்று தொடங்கின, குயில் கூவிற்று, தென்றல் வீசிற்று. அவற்றுக்கெல்லாம் நல்ல மதிப்பெண் இட்டேன். முப்பத்தைந்தாவது ஏடு தோப்புக் காவலர் மகனுடையது. அதில் குயிலும் இல்லை, தென்றலும் இல்லை. அவன் எழுதியிருந்தது இது:

"எங்கள் தோப்பில் இரண்டு வகை முசுறு உண்டு. ஒன்றுக்கு ஆறு கால். அது கூட்டமாகப் போகும். இன்னொன்றுக்கு எட்டுக் கால். அது தனியாகவே போகும், கடிக்காது, தொட்டால் நூல் விட்டு இறங்கும்."

நான் அந்த வரிகளை அடித்து, ஓரத்தில், 'எறும்புக்குக் கால்கள் ஆறே. கற்பனை வேண்டா, கண்டதை எழுதுக' என்று குறித்தேன்.

ஏடுகளைத் திருப்பிக் கொடுத்த அன்று அவன் என் மேசையருகே வந்து நின்றான். "ஐயா, எண்ணிப் பார்த்துத்தான் எழுதினேன்" என்றான். மெல்லிய குரல், ஆயினும் அதில் தயக்கம் இல்லை. அன்று எனக்கு என்ன அவசரமோ அறியேன். "எட்டுக்கால் உடையது எறும்பா? எண்ணும் முறையைக் கணக்கு ஆசிரியரிடம் கேட்டுக்கொண்டு வா" என்றேன். வகுப்பு முழுதும் சிரித்தது. அவன் ஏட்டை வாங்கிக்கொண்டு தன் இடத்துக்குப் போனான். அடுத்த ஆண்டு அவன் தந்தை வேறோர் ஊருக்குக் காவல் வேலைக்குச் சென்றார். பையனும் பள்ளியை விட்டுப் போனான். நானும் அதை மறந்தேன்.

பணி ஓய்வு பெற்றபின் அவ்வூரிலேயே, தோப்பின் விளிம்பில் ஒரு சிறு வீட்டில் தங்கிவிட்டேன். 2018-ஆம் ஆண்டு, ஒரு நாள் காலை, முற்றத்துக் கொய்யா மரத்தடியில் கட்டிலிட்டுச் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தேன். தாளின்மேல் ஒரு முசுறு வந்தது. சுண்டி எறிவதற்காக விரலை மடக்கினேன். அது நின்றது, நின்றதோடு அமையாமல், உடம்பை முழுதும் திருப்பி என்னைப் பார்த்தது.

எறும்பு மனிதனைத் திரும்பிப் பார்ப்பதில்லை. அதன் வழியில் நாம் ஒரு கல், அல்லது உணவு, அல்லது பகை. முகத்துக்கு முகம் நின்று உற்று நோக்குவது அதன் இயல்பன்று. இதுவோ, நான் விரலை வலப்புறம் நகர்த்தினால் வலப்புறமும், இடப்புறம் நகர்த்தினால் இடப்புறமும் திரும்பியது. நான் மெல்ல ஊதினேன். தாளின் விளிம்புக்கு ஓடி, அங்கிருந்து கீழே விழுந்தது. தரையில் விழவில்லை. முழ நீளத்தில், கண்ணுக்குத் தெரியாத ஓர் இழையில் தொங்கிக்கொண்டு நின்றது.

'தொட்டால் நூல் விட்டு இறங்கும்.'

அந்த வரி எங்கிருந்தோ என் நினைவில் எழுந்தது. அடுத்த கணமே, அதன்மேல் நான் இழுத்த சிவப்புக் கோடும் எழுந்தது.

அதை ஒரு கண்ணாடிப் புட்டியில் ஏற்றி, பக்கத்து வீட்டு அறிவியல் ஆசிரியரிடம் உருப்பெருக்கிக் கண்ணாடி ஒன்றை இரவல் பெற்று வந்து பார்த்தேன். கால்கள் எட்டு. எத்தனை முறை எண்ணினாலும் எட்டே. உணர்கொம்புகள் இல்லை. எறும்பின் உடல் தலை, மார்பு, வயிறு என மூன்று பகுதியாய் இருப்பதை நீங்கள் அறிவீர்கள். சிலந்திக்கு இரண்டே பகுதி. தலையும் மார்பும் ஒன்றாய் இணைந்தது முன்பகுதி, வயிறு பின்பகுதி. இவ்வுயிருக்கோ அந்த முன்பகுதியின் நடுவே ஓர் இறுக்கம். கயிறு கட்டி இறுக்கியதுபோல் அது ஒடுங்கியிருப்பதால், தலை வேறு மார்பு வேறு என்று தோன்றுகிறது. வயிற்றை இணைக்கும் காம்பும், எறும்பின் இடைபோல நீண்டு மெலிந்துள்ளது. எறும்பின் தலையில் பக்கத்துக்கு ஒரு கூட்டுக்கண் இருக்குமன்றோ? அவ்விடத்தில் இதற்குப் பக்கத்துக்கு ஒரு கரும்புள்ளி. மெய்யான கண்கள் எட்டு. அவற்றுள் முன்னிருக்கும் இரண்டும் பெரியவை. என்னைத் திரும்பிப் பார்த்தவை அவையே.

நூலகத்தில் தேடியும், விலங்கியல் கற்பித்த நண்பர் ஒருவரை வினவியும் அதன் பெயரை அறிந்தேன். தாவிப் பாயும் சிலந்திக் குடும்பத்தைச் சேர்ந்தது அது. வலை பின்னிக் காத்திராமல், பார்த்துப் பதுங்கிப் பாய்ந்து இரையைப் பிடிக்கும் இச்சிலந்திகளுக்கு நம் முன்னோர் 'ஈப்புலி' என்று அழகாகப் பெயரிட்டனர். சுவரில் ஈயின்மேல் பாயும் சாம்பல்நிறச் சிலந்தியை நீங்கள் கண்டிருப்பீர்கள். உலகெங்கும் இக்குடும்பத்தில் ஆறாயிரத்துக்கு மேற்பட்ட இனங்கள் உள. அவற்றுள் ஒன்றாகிய நம் எட்டுக்கால் முசுறுக்கு அறிவியலார் இட்ட பெயர் மிர்மாப்ளாட்டா ப்ளாட்டாலியாய்டிஸ் என்பது. இந்தியா, இலங்கை, சீனம், தென்கிழக்கு ஆசியா ஆகிய நாடுகளில், முசுறு வாழும் மரங்களை ஒட்டி அது வாழ்கிறது.

வாய்க்குள் அடங்காத அப்பெயருக்கு ஒரு காரணம் உண்டு. இங்கிலாந்தின் டார்செட் பகுதியில் சமயகுருவாக விளங்கிய ஆக்டேவியஸ் பிக்கார்டு-கேம்பிரிட்ஜ் என்பவர், சிலந்திகளை ஆராய்வதில் தம் வாழ்நாளைச் செலவிட்டவர். 1869-ஆம் ஆண்டில், இலங்கையிலிருந்து கிடைத்த சிலந்திகளைக் கொண்டு இவ்வினத்தை முதன்முதல் விவரித்தவர் அவரே. 'ப்ளாட்டாலியா' என்பது கரண்டிவாயன் என்னும் நாரையின் இலத்தீனப் பெயர். நம் ஏரிகளில், நீண்டு தட்டையாகி நுனியில் அகன்ற அலகோடு சேற்றைத் துழாவும் வெண்ணிறப் பறவை அது. அந்நாரைக்கும் இச்சிலந்திக்கும் என்ன தொடர்பு என்று பெண் சிலந்தியைப் பார்த்தால் விளங்காது. ஆண் சிலந்தியைப் பார்க்க வேண்டும். பெண்ணின் நீளம் ஆறு ஏழு மில்லிமீட்டர். ஆணோ ஒன்பது முதல் பன்னிரண்டு மில்லிமீட்டர் வரை. அந்த மிகுதி நீளம் முழுதும் அதன் தாடைகளே. உடம்பின் முன்னே நீட்டிக்கொண்டு, நுனியில் தடித்து, நாரையின் அலகுபோலத் தோன்றும் தாடைகள். இரண்டு ஆண்கள் எதிர்ப்பட்டால், அவற்றை அகல விரித்து, உள்ளே மடங்கியிருக்கும் நீண்ட நச்சுப்பற்களை வாள்போல் நீட்டிப் பொருதும்.

வேடம் கலைந்துவிடாதோ என்று நீங்கள் கேட்கலாம். எனக்கும் அந்த ஐயம் எழுந்தது. தாடை மூடியிருக்கும்போது அதன் நுனி, மற்றோர் எறும்பின் தலையைப் போல் உள்ளது. ஆகவே ஆண் சிலந்தி, எறும்பொன்றைக் கவ்விச் செல்லும் எறும்பாகக் காட்சியளிக்கிறது! முசுறுகள் தம் இனத்தாரைத் தூக்கிச் செல்வது தோப்பில் நாள்தோறும் காணும் காட்சியே. ஆயினும் இவ்வேடத்துக்கு விலை உண்டு. எறும்புபோல் தோன்றும் ஈப்புலிகளை ஆராய்ந்த நெல்சன், ஜாக்சன் என்னும் இருவர் 2006-இல் ஒன்றைக் காட்டினர். எறும்புக்கு அஞ்சும் உயிர்கள் இந்த ஆண்களை விட்டு விலகுகின்றன. ஆனால், எறும்பையே தின்னும் சில சிலந்திகள், சுமை தூக்கிய எறும்பின் வாய் அடைபட்டிருப்பதால் அது கடிக்காது என்பதுபோல, இத்தகைய ஆண்களையே விரும்பிப் பின்தொடர்கின்றன. ஒரு பகைவனுக்குத் தப்பியவன் இன்னொருவன் கையில் அகப்படுகிறான்.

வேடம் எதற்கு? எறும்பு தனித்து அகப்பட்டாலும் அதைத் தின்னப் பறவைகள் பலவும் தயங்கும். கடியும் அமிலமும் சுவைக்கு உகந்தவையல்ல. ஒன்றைத் தொட்டால் நூறு வரும் என்பதும் அனுபவம் கற்பித்த பாடம். சிலந்தியோ பறவைக்கும் குளவிக்கும் இனிய உணவு. ஆதலால் சிலந்தி, எறும்பின் கெட்ட பெயரைக் கடன் வாங்கிக்கொண்டது. அமேசான் காடுகளில் பதினோர் ஆண்டுகள் அலைந்த ஹென்றி வால்டர் பேட்ஸ் என்னும் ஆங்கிலேயர், வண்ணத்துப்பூச்சிகளிடையே இத்தகைய போலித் தோற்றத்தைக் கண்டு 1862-இல் விளக்கினார். நம் சிலந்தி அவ்விளக்கத்துக்கு நல்ல எடுத்துக்காட்டு. ஆனால் ஒன்று: முசுறுகள் இதைக் கண்டு ஏமாறுவதில்லை. அகப்பட்டால் பிய்த்துவிடும். எனவே இது முசுறுச் சாரிக்கு அருகிலேயே வாழ்ந்தும், அதனுள் ஒருபோதும் நுழைவதில்லை. ஓர் எறும்பு எதிரே வந்தால் விலகி ஓடும். வழி இல்லையேல் இழை விட்டுத் தொங்கும். அது கடந்தபின் மீண்டும் ஏறி வரும். ஊரார் அனைவரையும் அஞ்சச் செய்யும் சட்டையை அணிந்துகொண்டு, அச்சட்டைக்கு உரியவனைக் கண்டால் ஒளிந்துகொள்ளும் ஒருவனை எண்ணிப் பாருங்கள். பாயப் பிறந்த குலத்தில் தோன்றியும் இது பெரும்பாலும் பாய்வதில்லை. பாய்ந்தால் எறும்பு என்று யார் நம்புவார்?

முசுறு வேடம் பூண்டது இது ஒன்றே அன்று. 1954-ஆம் ஆண்டில், பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் இதழில், ஏ. பி. மாத்யூ என்பவர் முசுற்றைப் போன்ற இரண்டு சிலந்திகளைப் பற்றி எழுதினார். ஒன்று நம்முடையது. மற்றொன்று நண்டுபோல் கால் விரிக்கும் குடும்பத்தைச் சேர்ந்த அமிசியா என்னும் சிலந்தி. அதற்குக் கரும்புள்ளிகள் வயிற்றின் பின்முனையில் உள்ளன. பின்புறமே எறும்பின் தலைபோலத் தோன்றும். அது முசுற்றுக்கு அஞ்சி ஒளிவதில்லை. முசுற்றையே பிடித்து உண்கிறது. ஒரே சட்டையை ஒருவன் காவலுக்கும் மற்றவன் களவுக்கும் அணிகிறான். அவ்விரண்டாவது சிலந்தியை நான் இதுவரை கண்டதில்லை.

இவற்றையெல்லாம் படித்தபோது, எட்டுக் கால்களைப் பற்றி ஒரு விளக்கம் என் கண்ணில் பட்டது. இத்தகைய சிலந்திகள் முன்கால் இரண்டையும் உணர்கொம்புபோல் தூக்கிக்கொண்டு, மற்ற ஆறு கால்களால் நடக்கும் என்பதே நெடுங்காலம் பலரும் கூறிவந்த செய்தி. அதைப் படித்து என் மனம் சற்று ஆறுதல் அடைந்தது. நடக்கும் கால் ஆறு என்றால் நான் சொன்னதிலும் சிறிது உண்மை இருந்ததாக வைத்துக்கொள்ளலாம் அல்லவா? அந்த ஆறுதலும் நிலைக்கவில்லை. ஷாம்பிள் என்பவரும் அவருடைய குழுவினரும் 2017-இல் வெளியிட்ட ஆராய்ச்சி ஒன்று கிடைத்தது. இவ்வகையில் ஓர் உறவினத்தை, மிக விரைவாகப் படம் எடுக்கும் கருவியால் அவர்கள் பதிவு செய்தனர். அது நடக்கும்போது எட்டுக் கால்களையும் ஊன்றியே நடந்தது. இடையிடையே, நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரமே நின்று, முன்கால்களை உயர்த்தி அசைத்தது. அந்த நிறுத்தம் மிகச் சிறிது ஆதலால், அது ஆறு காலால் நடப்பதாகவே பார்ப்பவர் கண்ணுக்குத் தோன்றிவிடுகிறது. நம் தோப்புச் சிலந்தியை யாரும் அவ்வாறு படம் எடுத்தார்களா என்பது வேறு. பன்னிரண்டு வயதுப் பையன் ஒருவன், கருவி எதுவும் இன்றி, கிளையில் குப்புறப் படுத்துக்கொண்டு, எட்டு என்று எண்ணியிருந்தான்.

அவனைத் தேடினேன். அவன் தந்தை சென்ற ஊரில் விசாரித்தேன். அங்கிருந்தும் அவர்கள் போய்விட்டதாகச் சொன்னார்கள். அடுத்த ஆண்டு, தென்காசிப் பேருந்து நிலையத்தருகே, சரக்கு வண்டியிலிருந்து இறங்கிய இளைஞன் ஒருவன், "ஐயா, வணக்கம்" என்று என் எதிரே நின்றான். முகம் மாறியிருந்தது, மெல்லிய குரல் மாறவில்லை. தேநீர்க் கடையில் உட்கார்ந்து நலம் விசாரித்துக்கொண்டோம். சொந்தமாக ஒரு சிறு சரக்கு வண்டி வைத்திருந்தான். மாங்காய்ப் பருவத்தில் மாங்காயும், மற்ற மாதங்களில் கிடைத்ததும் ஏற்றுவானாம்.

"தம்பி, நீ ஒரு கட்டுரை எழுதினாய்; முசுற்றைப் பற்றி; உனக்கு நினைவிருக்கிறதா?" என்று கேட்டேன்.

"கட்டுரை நினைவில்லை, ஐயா" என்றான். பிறகு சிரித்தான். "ஆனால் பள்ளியை விட்டுப் போகும்வரை என்னை எல்லாரும் 'எட்டுக்கால்' என்றுதானே கூப்பிட்டார்கள்."

அதை நான் அறிந்திருக்கவில்லை. அறிய முயன்றதும் இல்லை. அவன் குற்றமாகச் சொல்லவில்லை. பழைய நாளின் வேடிக்கையாகவே சொன்னான். நான் கையிலிருந்த தேநீரைக் கீழே வைத்துவிட்டு, "நீ எண்ணியது சரி. நான்தான் எண்ணாமல் அடித்தேன்" என்றேன். அவனுக்குக் கூச்சமாகிவிட்டது. "விடுங்கள், ஐயா" என்று இரண்டு முறை சொன்னான்.

பேச்சை மாற்றுவதற்காகவோ என்னவோ, அவனே தொடர்ந்தான். "அதன் தாயைப் பார்த்திருக்கிறீர்களா, ஐயா? இலையின்மேல் வெள்ளைத் துணி விரித்ததுபோல் கூடு கட்டும். உள்ளே முட்டையோடு இருக்கும். விரலால் தட்டினாலும் ஓடாது. முசுறு வரும் வழியிலிருந்து நாலு இலை தள்ளித்தான் கட்டும்." நான் பார்த்ததில்லை. மாறாக, நான் படித்த ஒன்றை அவனுக்குச் சொன்னேன். சீனத்தின் யுன்னான் மாநிலத்தில் எறும்பைப் போன்ற மற்றோர் ஈப்புலி உண்டு. அதன் தாய் தன் குஞ்சுகளுக்குப் பால் போன்ற ஒரு நீரைச் சுரந்து ஊட்டுகிறது. குஞ்சுகள் ஏறத்தாழ நாற்பது நாள் வரை அதைப் பருகுகின்றன. பசுவின் பாலைக் காட்டிலும் அதில் புரதம் நான்கு மடங்கு என்று 2018-இல் ஆராய்ச்சியாளர்கள் அறிவித்தனர் என்றேன். அவன் சிறிது நேரம் பேசாமல் இருந்தான். "நம்முடையதும் அப்படி ஊட்டுமா, ஐயா?" என்று கேட்டான்.

"அதை யாராவது உட்கார்ந்து பார்க்க வேண்டும்" என்றேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவன் வீட்டுக்கு வந்தான். பழைய தோப்பில் பாதி மனையாகிவிட்டது. மீதியில் பூக்கும் பருவத்தில் மருந்து தெளிக்கிறார்கள். முசுற்றுக் கூடுகள் குறைந்துவிட்டன. முசுறு குறைந்தால் அதன் வேடம் அணிந்தவற்றுக்கு அவ்வேடத்தால் என்ன பயன்? இரண்டு மணி நேரம் மா மரங்களில் தேடியும் அகப்படவில்லை. வெயில் ஏறியபின், அவன் என் முற்றத்துக் கொய்யா மரத்தருகே வந்து, கிளை ஒன்றைத் தாழ்த்தி, இலைகளை ஒவ்வொன்றாகத் திருப்பினான். நான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொள்வதற்குள், "இதோ" என்றான்.

பெண் சிலந்தி அது. எங்களைக் கண்டு இலையின் விளிம்புக்கு ஓடியது. இழை விட்டு இறங்கியது. அவன் விரலை அதன்கீழ் நீட்டினான். அது அவ்விரலில் ஏறி, ஒரு கணம் நின்று, முன்கால்களைத் தூக்கி அசைத்துவிட்டு, அவன் மணிக்கட்டை நோக்கி நடந்து சென்றது.